விதியா, பிழையா?

மக்கட்பேற்றைப் போற்றாத தமிழ்ப் புலவர் அரியர். திருவள்ளுவர் அதற்கென ஓர் அதிகாரமே வகுத்தார். எத்துணைச் செல்வம் உடையவனாயினும், தளர்நடை பயிலும் குழந்தை வீட்டில் இல்லையேல் அவன் வாழ்நாள் வறிதே என்னும் பொருளில் பாண்டியன் அறிவுடை நம்பி பாடிய பாட்டைப் புறநானூறு காத்து வைத்திருக்கிறது. பள்ளியில் தமிழ் பயின்ற எவரும் அதை எளிதில் மறந்திரார். ஓலையில் எழுதப்பட்ட அந்த ஏக்கம் இன்று கணினித் திரைக்குள்ளும் குடிபுகுந்துவிட்டது என்று சொன்னால் தமிழாசிரியர் சிலர் புன்முறுவல் பூக்கக்கூடும். ஆயினும் செய்தி மெய்யானது.

வாழ்க்கையைப் போலச் செய்து காட்டும் கணினி விளையாட்டுகள் பல உள்ளன. அவற்றில் ஆட்டக்காரர் வீடு கட்டுகிறார். அதில் வாழும் மாந்தரைப் படைக்கிறார். அவர்களுக்குத் தொழில் தேடித் தருகிறார். பசித்தால் உணவும் களைத்தால் உறக்கமும் அளிக்கிறார். இருவரை நட்பாக்கி, நட்பைக் காதலாக்கி, மணமும் முடித்து வைக்கிறார். அதன்பின் குழந்தை வேண்டுமென்று காத்திருக்கிறார். நாள்கள் நகர்கின்றன, தொட்டில் மட்டும் வரவில்லை. “என் வீட்டுத் தம்பதியர்க்குக் குழந்தை பிறக்கவில்லையே, ஏன்?” என்னும் வினா, இவ்விளையாட்டுகளை ஆடுவோரிடையே ஓயாமல் எழும் வினாக்களுள் ஒன்று. கேட்போருள் பள்ளி மாணவரும் உண்டு. பேரப் பிள்ளைகளைக் கண்ட மூதாட்டியரும் உண்டு.

இவ்வினாவுக்கு விடை காண முயல்வோர் முதலில் ஒரு பாகுபாட்டைச் செய்துகொள்ள வேண்டியிருக்கிறது. குழந்தை பிறவாமைக்குக் காரணம் விளையாட்டின் விதியா, அல்லது விளையாட்டில் நேர்ந்த பிழையா? விதியாயின் அதை அறிந்து அதற்கேற்ப நடக்க வேண்டும். பிழையாயின் அதைக் கண்டுபிடித்துக் களைய வேண்டும். இரண்டும் வெளித்தோற்றத்தில் ஒன்றுபோலவே இருக்கும் என்பதுதான் இடர்ப்பாடு.

‘விதி’ என்னும் சொல்லைத் தமிழ் இருவகையாக ஆள்கிறது. இலக்கணம் கற்றவர்க்கு விதி என்றால் பொதுவிதி, சிறப்புவிதி, புறனடை என்பன நினைவுக்கு வரும். இலக்கணம் அறியாத எளிய மக்கள் விதி என்றவுடன் நெற்றியைத் தொட்டுக் காட்டுவர். முன்னது மனிதர் வகுத்தது, படித்து அறியக்கூடியது. பின்னது யார் வகுத்தது என்று எவராலும் சொல்ல முடியாதது. குழந்தையில்லாத வீட்டைப் பற்றிப் பேசும்போது நம்மவர் நாவில் பெரும்பாலும் வருவது இந்த இரண்டாம் விதியே. கணினி விளையாட்டிலோ அதற்கு இடமே இல்லை. அங்கு உள்ளவை அனைத்தும் நன்னூல் நூற்பாக்களைப் போல யாரோ ஒருவர் அமர்ந்து எழுதிய விதிகள்.

இவ்வகை விளையாட்டுகளுள் பெரும்பெயர் பெற்றது ‘தி சிம்ஸ்’. அமெரிக்கரான வில் ரைட் வடிவமைக்க, மேக்சிஸ் நிறுவனம் ஆக்கிய இவ்விளையாட்டு 2000ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் வெளிவந்தது. 1991இல் கலிபோர்னியாவின் ஓக்லந்து மலைப்பகுதியில் மூண்ட பெருந்தீயில் ரைட்டின் வீடு எரிந்துபோயிற்று. இழந்த பொருள்களை மீண்டும் ஒவ்வொன்றாகச் சேர்க்க நேர்ந்தபோது, மனிதனுக்கு எந்தப் பொருள் எதற்காகத் தேவைப்படுகிறது என்னும் சிந்தனை அவருள் எழுந்தது. அச்சிந்தனையே இவ்விளையாட்டுக்கு வித்தாயிற்று.

அந்த முதற்பதிப்பில் குழந்தை பிறந்த முறை விந்தையானது. கணவனும் மனைவியும் அன்பு பாராட்டி முத்தமிட்டுக்கொண்டிருக்கையில், குழந்தை வேண்டுமா என்று ஒரு சிறு கட்டம் திரையில் தோன்றிக் கேட்கும். ஆம் என்றால் அக்கணமே தொட்டில் ஒன்று வந்து நிற்கும். கருவுறுதலும் இல்லை, சுமந்து நிற்றலும் இல்லை. மூன்று நாள் கண்ணுறங்காமல் பேணினால் தொட்டிற் குழந்தை சிறுவனாகவோ சிறுமியாகவோ எழுந்து நடக்கும். பேணத் தவறினால் அதிகாரி ஒருவர் வந்து எடுத்துச் சென்றுவிடுவார். எழுந்து நடந்த சிறுவனும் என்றும் சிறுவனாகவே இருப்பான். ‘என் மகன் ஏன் வளரவில்லை?’ என்று கவன்ற ஆட்டக்காரர்க்கு அது பிழையென்றே தோன்றியிருக்கும். உண்மையில் அது விதி. வளர்ச்சியையும் முதுமையையும் அப்பதிப்பில் எவரும் எழுதி வைக்கவில்லை.

2004இல் வந்த இரண்டாம் பதிப்பில்தான் காலம் ஓடத் தொடங்கிற்று. குழந்தை தவழ்ந்து, நடந்து, பருவமெய்தி, முதுமையுற்று மறைந்தது. தந்தையின் மூக்கும் தாயின் கண்ணும் பிள்ளைக்கு வந்தன. கருவுற்ற பெண் மூன்று நாள் சுமந்தாள். கரு உருவான வேளையில் தாலாட்டுப் போன்ற ஒரு சிற்றிசை ஒலித்தது. அவ்விசையைக் கேட்க ஆட்டக்காரர் காதைத் தீட்டிக்கொண்டு காத்திருந்தனர். காலம் வந்தபோதே காலங்கடத்தலும் வந்தது. குழந்தை பிறவாமைக்கான காரணங்களும் பெருகின.

இன்று பலரும் ஆடும் நான்காம் பதிப்பு 2014ஆம் ஆண்டு செப்டம்பரில் வெளியானது. அதில் ஒரு வீட்டை எடுத்துக்காட்டாகக் கொள்ளலாம். ஆட்டக்காரி ஒருத்தி கூட்டுக் குடும்பமொன்றைப் படைத்திருக்கிறாள். கணவன், மனைவி, கணவனைப் பெற்றோர் இருவர், தம்பி, தம்பி மனைவி, அவர்தம் சிறு மகள், காவலுக்கு ஒரு நாய். வீடு பெரிது, தோட்டம் அழகியது, பொருளுக்குக் குறைவில்லை. மூத்தவனுக்கும் அவன் மனைவிக்கும் ஒரு குழந்தை வேண்டும். அதற்கென உள்ள கட்டளையை நாடுகிறாள். அக்கட்டளை அவர்களுக்குக் கிட்டவில்லை.

அறிந்தவர்கள் இவளிடம் முதலில் கேட்கும் வினா, ‘என்ன நடக்கிறது?’ என்பதே. கட்டளையே கிட்டவில்லையா? கிட்டியும் மாந்தர் அதை நிறைவேற்றாமல் கலைந்து போகின்றனரா? நிறைவேற்றியும் கரு உருவாகவில்லையா? கரு உருவாகியும் பிறப்பு நிகழவில்லையா? நான்கும் வெவ்வேறு நோய்கள். நோயையும் அதன் முதலையும் தணிக்கும் வழியையும் முறையே நாடச் சொன்ன வள்ளுவர் நெறியை இவர்கள் கற்றிருக்க வேண்டுவதில்லை. பலமுறை தோற்றவர்கள் தாமாகவே அந்நெறிக்கு வந்து சேர்ந்திருக்கிறார்கள்.

இவள் வீட்டில் நிகழ்ந்தது முதல் வகை. காரணம் மிக எளியது. நான்காம் பதிப்பில் ஒரு குடும்பத்தில் எட்டு உயிருக்கு மேல் இருக்க இயலாது. மாந்தர் எழுவர்தாமே என்று அவள் எண்ணியிருந்தாள். ஆனால் 2017இல் நாயும் பூனையும் இவ்விளையாட்டில் சேர்க்கப்பட்டபோது, அவையும் அந்த எட்டினுள்ளேயே அடக்கப்பட்டன. வாயிலில் வாலாட்டி நிற்கும் நாய், பிறக்க வேண்டிய பிள்ளையின் இடத்தில் நின்றுகொண்டிருக்கிறது! நாயையும் குடும்பத்து உறுப்பினராகக் கொண்டதைப் பாராட்டலாம்; எனினும் அப்பாராட்டு அவளுக்கு அவ்வேளையில் ஆறுதலாக இராது.

எட்டு என்னும் இவ்வெல்லை எதற்காக? வீட்டில் உள்ள ஒவ்வோர் உயிருக்கும் பசி, உறக்கம், தூய்மை, மகிழ்ச்சி எனப் பல தேவைகளைக் கணினி கணந்தோறும் கணக்கிட்டுக்கொண்டிருக்க வேண்டும்; ஒவ்வொருவரும் நடந்து செல்லும் வழியையும் அதுவே வகுக்க வேண்டும். ஆள் கூடக் கூடச் சுமையும் கூடும். இத்தகைய விளையாட்டுகளில் எல்லை ஏன் வேண்டும் என்பதை உணர்வது கடினமன்று. கடினமானது அதன்பின் செய்ய வேண்டிய தேர்வே. ஒருவர் வெளியேறினால்தான் ஒருவர் பிறக்க முடியும். தம்பி குடும்பத்தைத் தனிக்குடித்தனம் வைப்பதா? முதியோரை அடுத்த வீட்டுக்கு அனுப்புவதா? நாயை யாருக்காவது கொடுத்துவிடுவதா? திரையில் தோன்றும் பொம்மைகள்தாம் என்று தெரிந்திருந்தும், மாமியாரின் பெட்டியைக் கட்டும் வேளையில் ஆட்டக்காரி சற்றே தயங்குவாள். தயங்காதவர்களும் இருக்கிறார்கள், அது வேறு செய்தி.

எண்ணிக்கை சரியாக இருந்தும் கட்டளை கிட்டாத வீடுகள் உண்டு. அங்கே பார்க்க வேண்டியது அகவை. இளைஞர்க்கும் நடுவயதினர்க்கும் குழந்தை பிறக்கும். பள்ளிப் பருவத்தினர்க்கு இல்லை. முதுமை எய்திய பெண்ணுக்கு இல்லை. முதுமை எய்திய ஆணுக்கு உண்டு. ஆட்டக்காரர் வீட்டை அழகுபடுத்துவதிலும் தொழிலில் உயர்த்துவதிலும் மூழ்கியிருக்கும்போது, விளையாட்டின் நாட்காட்டி தன் போக்கில் ஓடிக்கொண்டே இருக்கும். ஒருநாள் மனைவி பிறந்தநாள் கேக்கின் முன் நின்று விளக்கை ஊதியணைப்பாள். மறுகணம் அவள் கூந்தல் நரைத்திருக்கும். அதன்பின் எத்துணை முயன்றும் பயனில்லை. பதவி உயர்வு வரட்டும், மேல்மாடி கட்டி முடியட்டும் என்று தள்ளிப்போட்ட குடும்பங்கள் திரைக்குள் மட்டுமா இருக்கின்றன?

இரண்டாம் வகை நோய்க்குக் காரணம் பெரும்பாலும் தட்டுமுட்டுப் பொருள்கள். முந்தைய பதிப்புகளில் இருவர் கட்டிலின் ஒரு பக்கம் சுவரோடு ஒட்டியிருந்தால், அப்பக்கம் செல்ல வேண்டியவருக்கு வழி கிடைக்காது. அவர் நின்ற இடத்திலேயே கைகளை வீசி முறையிட்டுவிட்டுத் திரும்பிவிடுவார். கட்டிலை ஓரடி நகர்த்தினால் தீர்ந்துபோகும் துயரத்துக்காக அத்தம்பதியரின் மணவாழ்வையே ஐயுற்ற ஆட்டக்காரரும் உண்டு.

விதிகள் மாறாதவை என்று எண்ணிவிடலாகாது. 2016ஆம் ஆண்டு ஜூன் திங்களில் நான்காம் பதிப்பில் ஒரு திருத்தம் வந்தது. மாந்தரைப் படைக்கும்போதே, இவர் கருவுறக் கூடியவரா, பிறரைக் கருவுறச் செய்யக் கூடியவரா, இரண்டும் இல்லையா என்பதை ஆட்டக்காரரே குறிக்கலாம் என்றாயிற்று. அதுவரை ஆண், பெண் என்னும் தோற்றத்தோடு பிணைந்திருந்த ஒன்று தனியே பிரிக்கப்பட்டது. படைக்கும்போது கை தவறி இதை மாற்றிவிட்டு, பின்னர் மாதக்கணக்கில் காரணம் தேடுவோர் உளர். மாந்தரை மீண்டும் திருத்தும் பகுதிக்குச் சென்று பார்த்தால் ஒரே சொடுக்கில் விடை கிடைத்துவிடும். அவ்வாறே 2014இல் இப்பதிப்பு வெளியானபோது, தொட்டிலிலிருந்து நேரே பள்ளிச் சிறுவராகப் பிள்ளைகள் தாவினர். தளர்நடைப் பருவமே அதில் இல்லை. அறிவுடை நம்பி பாடிய அந்தப் பருவம்! ஆட்டக்காரர் பலர் குறைகூறி வந்தனர். 2017 ஜனவரியில் தளர்நடைக் குழந்தைகள் சேர்க்கப்பட்டனர். 2023 மார்ச்சில் தவழும் குழந்தைகளும் வந்தனர். மனிதர் வகுத்த விதியை மனிதர் கேட்டால் மனிதர் மாற்றுகின்றனர்.

விதியும் இன்றிப் பிழையும் இன்றிக் குழந்தை தாமதமாகும் இடமும் ஒன்று உண்டு. அதைத் தெளிவாகக் காட்டுவது ‘ஸ்டார்டியூ வேலி’ என்னும் மற்றொரு விளையாட்டு. எரிக் பரோன் என்னும் ஒரே மனிதர் ஆண்டுக்கணக்கில் தனியே உழைத்து 2016 பிப்ரவரியில் வெளியிட்ட உழவர் விளையாட்டு இது. இதில் மணமானவர்க்குக் குழந்தை வேண்டுமாயின், வீட்டை இரண்டாம் முறை விரிவாக்கித் தொட்டிலறை அமைத்திருக்க வேண்டும். துணைவரின் அன்பு பத்து இதயம் என்னும் அளவை எட்டியிருக்க வேண்டும். இத்தனையும் நிறைந்த பின்னரும் குழந்தை வேண்டுமா என்னும் பேச்சைத் துணைவர் ஒவ்வோர் இரவும் எடுப்பதில்லை. எடுப்பதற்கான வாய்ப்பு இரவுக்கு நூற்றில் ஐந்து மட்டுமே.

நூற்றில் ஐந்து என்றால் இருபது இரவில் ஒருமுறை உறுதியாக நிகழும் என்று பலரும் கணக்கிடுகின்றனர். கணக்கு அவ்வாறன்று. ஒவ்வோர் இரவும் நிகழாதிருக்கும் வாய்ப்பு நூற்றில் தொண்ணூற்றைந்து. அதை இருபது முறை பெருக்கினால், இருபது இரவு கழிந்தும் பேச்சே எழாத வீடுகள் நூற்றுக்கு ஏறத்தாழ 36 இருக்கும். அவ்வுலகில் ஒரு பருவம் 28 நாள். ஒரு முழுப் பருவம் கடந்தும் நூற்றுக்கு ஏறத்தாழ 24 வீடுகளில் அமைதியே நிலவும். இரு பருவமும் வீணே கழியும் வீடுகள் நூற்றுக்கு ஐந்தாறு. அவ்வீட்டார் எந்தக் குற்றமும் செய்யவில்லை; எந்தப் பிழையும் நேரவில்லை. ஆயினும் அவர்களுள் பலர் விளையாட்டை அழித்து மீண்டும் தொடங்குகின்றனர். கட்டிலை இடம் மாற்றுகின்றனர். துணைவருக்கு நாள்தோறும் பரிசளிக்கின்றனர். நேர்ச்சைகள் இவ்வாறுதான் பிறக்கின்றன. பரிசளித்த மறுநாள் தற்செயலாகப் பேச்சு எழுந்துவிட்டால், அந்தப் பரிசே மருந்து என்று ஊரெல்லாம் பரவிவிடும்.

தொட்டிலைத் தச்சரிடம் சொல்லி அகற்றிவிடவும் பிற்காலத்தில் அவ்விளையாட்டில் வழி செய்யப்பட்டது. குழந்தை வேண்டா என்போர்க்கு அது ஏந்து. அகற்றியதை மறந்துவிட்டுப் பின்னாளில் பிள்ளை இல்லையே என்று வருந்துவோரும் இல்லாமலில்லை.

நேர்ச்சை பற்றிய பேச்சு வந்ததால் இதையும் சொல்லிவிடலாம். சிம்ஸ் மூன்றாம் பதிப்பில் கருவுற்றவள் ஆப்பிள் உண்டால் ஆண்குழந்தை பிறக்கும் வாய்ப்பும், தர்ப்பூசணி உண்டால் பெண்குழந்தை பிறக்கும் வாய்ப்பும் மிகும். நான்காம் பதிப்பில் அவ்விடத்தைச் செம்புற்றுப்பழமும் மஞ்சள் முள்ளங்கியும் பெற்றுக்கொண்டன. அதாவது ஸ்ட்ராபெரியும் கேரட்டும். ஊர்ப்பாட்டிமார் சொல்லும் பக்குவம்போல் ஒலிக்கும் இது, அங்கே எழுதி வைக்கப்பட்ட விதி. திரைக்கு வெளியே அத்தகைய விதி ஏதும் இல்லை. பிறப்பது ஆணா பெண்ணா என்பது தந்தையிடமிருந்து வரும் உயிரணுவைப் பொறுத்தது. அது தெரிந்த பின்னும் பெண்குழந்தை பெற்றவளைப் பழித்த வீடுகள் பல.

பழி என்னும் சொல் வந்துவிட்டது. மலடி என்னும் சொல்லைத் தமிழர் வழங்கிய அளவுக்கு மலடன் என்னும் சொல்லை வழங்கியதில்லை. அகராதியில் இரண்டும் உள; வாய்மொழியில் ஒன்றே ஓங்கி ஒலித்தது. மணமாகி இரண்டாண்டு கழிந்தால் உறவினர் பார்வை முதலில் மருமகளின் வயிற்றின் மேல் விழும். அரசமரம் சுற்றியவள் அவள், நோன்பிருந்தவள் அவள், வளைகாப்பு வீட்டில் பின்வரிசையில் நிறுத்தப்பட்டவள் அவள், சில வீடுகளில் இன்னொருத்திக்கு இடம்விட்டு ஒதுங்கியவளும் அவளே. கணவனையும் மருத்துவரிடம் அழைத்துச் செல்லலாம் என்னும் எண்ணம் கடைசியாகத்தான் தோன்றிற்று. பல வீடுகளில் தோன்றவே இல்லை.

விளையாட்டில் காரணம் தேடுவோரின் வரிசை இதற்கு நேர்மாறானது. அவர்கள் முதலில் வீட்டை எண்ணுகின்றனர். பிறகு கட்டிலைப் பார்க்கின்றனர். இருவர் அகவையையும் பார்க்கின்றனர். இருவர் அமைப்பையும் ஒருசேரப் பார்க்கின்றனர். தற்செயலுக்கும் உரிய பங்கைக் கொடுக்கின்றனர். மனைவியாகிய பொம்மையின் மேல் மட்டும் குற்றம் சுமத்தி அமையும் ஆட்டக்காரரைக் காண்பது அரிது. பொம்மைக்குக் கிடைத்த இந்த நடுநிலை எத்தனை மருமகளிர்க்குக் கிடைத்தது?

உலகச் சுகாதார நிறுவனம் 2023இல் வெளியிட்ட மதிப்பீட்டின்படி, வயது வந்தோருள் ஏறத்தாழ ஆறு பேரில் ஒருவர் தம் வாழ்நாளில் மகப்பேறின்மையை எதிர்கொள்கின்றனர். காரணம் பெண்ணிடம் இருக்கலாம், ஆணிடம் இருக்கலாம், இருவரிடமும் இருக்கலாம், எவ்வளவு தேடியும் அகப்படாமலும் போகலாம். 1978இல் இங்கிலாந்தில் முதல் சோதனைக்குழாய்க் குழந்தை பிறந்தது. 1983இல் சிங்கப்பூரில் அவ்வாறு ஒரு குழந்தை பிறந்தபோது, அம்முயற்சிக்குத் தலைமை தாங்கியவர் இலங்கையில் பிறந்த பேராசிரியர் எஸ். எஸ். இரத்தினம். ஆய்வுக்கூடத்தில் அவர்கள் செய்ததும் விதியையும் பிழையையும் பிரித்தறியும் வேலையே. ஆனால் அவர்கள் கையில் இருந்த நூலுக்கு ஆசிரியர் பெயர் இல்லை; பல பக்கங்கள் இன்னும் எவராலும் படிக்கப்படவில்லை. திரைக்குள் வினவினால் எங்கோ ஓரிடத்தில் விடை எழுதப்பட்டே இருக்கும். வெளியே அந்த உறுதி இல்லை. இந்த வேறுபாட்டை மறந்து, எல்லாக் கதவுக்கும் சாவி உண்டு என்று குழந்தையில்லாத் தம்பதியரிடம் பேசுவது கொடுமை.

இனிப் பிழைக்கு வரலாம். சிம்ஸ் விளையாட்டை ஆக்கியோர் எழுதியவற்றோடு, ஆட்டக்காரர் தாமே எழுதிச் சேர்க்கும் பகுதிகளும் உண்டு. இவற்றை ‘மோட்’ என்பர். தமிழாசிரியர்க்கு இதை ஒரே சொல்லில் விளக்கிவிடலாம்: இடைச்செருகல். ஆடையும் கூந்தலும் தருவன சில. மாந்தரின் உறவையும் மகப்பேற்றையும் மாற்றியமைப்பன சில. ஏட்டுச் சுவடியில் இடைச்செருகலான பாட்டு சில வேளை மூலப்பாட்டினும் இனிதாக இருப்பதுபோல், இவற்றுள் பலவும் மூல விளையாட்டைவிட நயமானவை. இடர் எப்போது வருகிறது? மூல விளையாட்டை ஆக்கியோர் புதிய திருத்தம் வெளியிடும்போது, பழைய இடைச்செருகல் அதனோடு பொருந்தாமல் போய்விடுகிறது. நேற்றுவரை கிட்டிய கட்டளை இன்று மறைந்துவிடுகிறது. கரு உருவானவள் சுமந்துகொண்டே இருக்கிறாள். நான்காம் பதிப்பில் சுமக்கும் காலம் மூன்று நாளே. ஐந்தாம் நாளும் ஆறாம் நாளும் அவ்வாறே நின்றால் அங்கே பிழையைத் தேட வேண்டும்.

தேடும் முறை படித்து இன்புறத்தக்கது. முதலில் சேமித்த ஆட்டத்துக்கு ஒரு படி எடுத்து வைப்பர். மூலச் சுவடியில் கைவைக்கத் துணியாத பதிப்பாசிரியரின் எச்சரிக்கை அது. பிறகு இடைச்செருகல் அனைத்தையும் வெளியே எடுத்துவிட்டு, சிறுபடங்களைச் சேமித்து வைக்கும் கோப்பையும் நீக்கிவிட்டு ஆடிப் பார்ப்பர். அப்போது குறை நீங்கினால் குற்றவாளி அவற்றுள் ஒன்றே. எது? ஒவ்வொன்றாகச் சோதித்தால் நாள் போதாது. ஆகவே பாதியைத் திரும்ப வைத்து ஆடுவர். குறை தோன்றினால் அது அப்பாதியில், தோன்றாவிட்டால் மறுபாதியில். அப்பாதியை மீண்டும் பாதியாக்குவர். 64 இடைச்செருகல் இருந்தால் ஆறே சோதனையில் குற்றவாளி தனியே வந்து நிற்கும். ஆயிரம் இருந்தாலும் பத்துச் சோதனை போதும். கணக்கு வகுப்பில் இரண்டின் அடுக்குகளைக் கண்டு அஞ்சும் மாணவர், தம் வீட்டுப் பொம்மைத் தாய்க்காக இம்முறையைத் தாமாகவே கற்றுக்கொள்கின்றனர்.

இம்முறையும் கைவிடும் இடம் ஒன்று இருக்கிறது. தனித்தனியே குற்றமற்ற இரண்டு இடைச்செருகல்கள், ஒன்றாக இருக்கும்போது மட்டும் மோதிக்கொள்ளலாம். பாதியாகப் பிரித்தவுடன் ஒன்று இப்புறமும் மற்றொன்று அப்புறமும் போய்விடும். இரு பாதியிலும் குறை தோன்றாது. ஆட்டக்காரர் திகைப்பார். நல்லவர் இருவர் ஒரு வீட்டில் கூடியிருக்கையில் மட்டும் எழும் சச்சரவு போன்றது இது. அப்போது ஒரு பாதியை அப்படியே இருத்திவிட்டு, மற்றதிலிருந்து சிறிது சிறிதாகச் சேர்த்துப் பார்க்க வேண்டும். பொறுமை இல்லாதவர் இவ்விடத்தில் எல்லாவற்றையும் அழித்துவிட்டு உறங்கப் போய்விடுவர்.

இன்னும் சில விளையாட்டுகளில் விதியை ஆட்டக்காரரே திறந்து பார்க்கலாம். தார்ன் ஆடம்ஸ், சாக் ஆடம்ஸ் என்னும் உடன்பிறந்தார் 2006இல் முதன்முதலாக வெளியிட்ட ‘டுவார்ஃப் ஃபோர்ட்ரெஸ்’ அத்தகையது. மலையைக் குடைந்து வாழும் குள்ளர் குடியிருப்பு அது. அங்கே மக்கள்தொகைக்கும் குழந்தைகளின் எண்ணிக்கைக்கும் உச்ச வரம்பு ஒரு கோப்பில் எழுதப்பட்டிருக்கும். எண்ணை மாற்றினால் வரம்பும் மாறும். மாற்றுவோர் சில நாளில் மற்றொன்றையும் காண்பர். குள்ளர் பெருகப் பெருகக் கணினி மூச்சுத் திணறி, குடியிருப்பு முழுவதும் நத்தைபோல் ஊர்ந்து, இறுதியில் ஆடவே இயலாமற் போகும். ‘வரம்பு ஏன்?’ என்று சினந்தவர் தம் கையாலேயே அதை மீண்டும் எழுதி வைப்பர்.

விதி, பிழை, தற்செயல் என்னும் மூன்றனுள்ளும் அடங்காத மகப்பேறின்மையை ஒரு விளையாட்டில் காணலாம். ஸ்டீவ் கிராண்ட் என்னும் ஆங்கிலேயர் ஆக்கி 1996இல் வெளிவந்த ‘கிரியேச்சர்ஸ்’ அது. அதில் வாழும் ‘நார்ன்’ என்னும் சிற்றுயிர்களுக்கு மரபணு உண்டு. நரம்பு வலையால் ஆன சிறு மூளை உண்டு. உடலினுள் வேதிப்பொருள்கள் சுரந்து குறையும். பிள்ளை பிறக்கும்போது தாய் தந்தையரின் மரபணு கலக்கும். கலக்கையில் சில வேளை எழுத்துப் பிசகுபோல் ஒன்று மாறிவிடும். அம்மாற்றத்தால் கண் நிறமோ நடையோ மாறலாம். சுரக்க வேண்டியது சுரக்காமலும் போகலாம். அவ்வாறு பிறந்த ஒரு நார்ன் நலமாக உண்ணும், ஆடும், துணையோடு கொஞ்சும். முட்டை மட்டும் இடாது. அப்பிசகை எவரும் எழுதவில்லை. எழுதியவர் பிசகு நேர்வதற்கு இடம்விட்டு எழுதினார்; அவ்வளவே.

அத்தகைய நார்ன்களை என்ன செய்வது? தம் உலகிலுள்ள நார்ன் ஒன்றைக் கோப்பாக்கி வெளியே எடுக்கவும், வேறோர் ஆட்டக்காரரின் உலகத்திலிருந்து வந்ததை உள்ளே விடவும் அவ்விளையாட்டில் வழி இருந்தது. 1990களின் இறுதியில் முன்பின் அறியாத ஆட்டக்காரர் இணையத்தின் வழியே தம் நார்ன்களை ஒருவருக்கொருவர் அனுப்பிக்கொண்டனர். மரபு அறுந்துபோகும் நிலையிலிருந்த ஓர் உலகத்துக்குள் கடல் கடந்து வந்த புதிய நார்ன் ஒன்று நுழையும். வேறு துணையிடம் முட்டை பிறக்கும். முட்டையிடாத நார்னை அதற்காக அழித்துவிடாதவர்களும் இருந்தனர். மரபணுவைத் திறந்து பார்த்துப் பிசகு எங்கே என்று அறிந்துகொண்டு, அதைத் திருத்தாமலே, மற்றவற்றோடு சேர்ந்து தன் வாழ்நாள் முடியுமட்டும் தோட்டத்தில் திரியுமாறு விட்டுவைத்தனர்.